மாமாவின் நாலு நம்பர்: 52 வாரம் கணக்கெழுதிப் பார்த்த 4டி

என் தாய்மாமாவுக்கு முழங்கால் வலி அதிகமாகி, வரிசையில் நிற்க முடியாமல் போன பிறகு, அவருக்கு 4டி, அதாவது சிங்கப்பூரின் நாலு இலக்க லாட்டரிச் சீட்டு, வாங்கி வருவது என் வேலையாகிவிட்டது. புதன், சனி, ஞாயிறு என்று வாரத்துக்கு மூன்று குலுக்கல். வேலை முடிந்து தோ பாயோவில் பேருந்து மாறும்போது வாங்கிக்கொண்டு போய் அவர் கையில் கொடுப்பேன். சீட்டை நாலாக மடித்து மூக்குக்கண்ணாடிக் கூட்டில் வைத்துக்கொள்வார். மாலை 6.30க்குக் குலுக்கல். முடிவு வரும்வரை டிவியின் சத்தத்தைக் குறைத்து வைத்திருப்பார்.

நான் ஒரு சரக்குக் கம்பெனியின் கணக்குப் பிரிவில் 19 வருடமாக இருக்கிறேன். காசு வெளியே போனால் எழுதி வைத்தே பழக்கம். அதனால் முதல் வாரமே ஒரு பள்ளிக்கூட நோட்டு வாங்கி, தேதி, நம்பர், போட்டது, வந்தது என்று நாலு கட்டம் போட்டேன். 52 வாரம் எழுதினேன். சிறப்புக் குலுக்கல்களை விட்டுவிட்டால் 156 குலுக்கல். இந்த விமர்சனம் அந்த நோட்டிலிருந்து எழுதுவது. சிங்கப்பூரில் இவ்வளவு பேர் வாங்கும் ஒரு பொருளை, ரைஸ் குக்கர் வாங்கும்போது பார்ப்பதுபோல், என்ன கொடுத்தால் என்ன கிடைக்கிறது என்று ஒரு தடவையாவது பார்க்க வேண்டும் என்று எனக்குத் தோன்றியது.

முதலில் இதில் நாம் வாங்குவது என்ன என்று பார்ப்போம். 0000 முதல் 9999 வரை 10,000 எண்கள். அதில் நாம் ஒன்றைத் தேர்ந்தெடுக்கிறோம். ஒவ்வொரு குலுக்கலிலும் 23 எண்கள் வரும்: முதல், இரண்டாம், மூன்றாம் பரிசு, அப்புறம் ஸ்டார்ட்டர் பத்து, ஆறுதல் பரிசு பத்து. பணத்தை பிக்கிலும் வைக்கலாம், ஸ்மாலிலும் வைக்கலாம். குறைந்தது ஒரு வெள்ளி (சிங்கப்பூர் டாலர்). பிக்கில் வைத்தால் 23 எண்ணுக்கும் பரிசு உண்டு. ஒரு வெள்ளிக்கு 2000, 1000, 490, ஸ்டார்ட்டருக்கு 250, ஆறுதலுக்கு 60. ஸ்மாலில் வைத்தால் முதல் மூன்றுக்கு மட்டும்தான், ஆனால் தொகை கூடுதல்: 3000, 2000, 800.

இதில் எனக்குப் பிடித்த விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். இந்தத் தொகைகள் மாறுவதில்லை. நம் நம்பரை இன்னும் எத்தனை பேர் வாங்கினார்கள் என்பதைப் பற்றி நாம் கவலைப்பட வேண்டியதில்லை. டோட்டோ என்ற இன்னொரு லாட்டரி அப்படியில்லை. அதில் விற்பனையில் 54 விழுக்காடு பரிசுக்கு ஒதுக்கப்படுகிறது, முதல் நிலைப் பரிசு வென்றவர்களுக்குள் பிரிகிறது, எவ்வளவு வரும் என்று முன்கூட்டிச் சொல்ல முடியாது. 4டியில் விலையும் பரிசும் முன்னாலேயே தெரியும். கணக்குப் போடத் தெரிந்தவருக்கு எல்லாமே கண் முன்னால் இருக்கிறது. பரிசுக்கு வரி கிடையாது. 180 நாளுக்குள் வாங்கிக்கொள்ளலாம்.

நம்பகம் என்று பார்த்தாலும் எனக்குக் குறை இல்லை. மாமா சின்னப் பையனாக இருந்தபோது என் பாட்டி சாப் ஜி கீ கட்டுவாராம். பன்னிரண்டு எண்ணில் ஒன்று. வீட்டு வாசலுக்கே ஆள் வந்து வாங்கிப் போவான், விழுந்தால் அவன் திரும்பி வந்தால்தான் பணம். அந்த மாதிரிக் கள்ளச் சூதாட்டத்தை ஒடுக்கத்தான், இன்று 4டியை நடத்தும் சிங்கப்பூர் பூல்ஸ் 1968இல் தொடங்கப்பட்டது. பாட்டி காலத்து அந்தப் பயம் இன்றைக்கு இல்லை. விழுந்தால் பணம் வரும். அதில் யாருக்கும் சந்தேகம் இல்லை.

சரி, இனி நோட்டுக்கு வருவோம்.

மாமாவுக்கு மூன்று நம்பர். 4718, அவர் ஓட்டிய முதல் டாக்சியின் எண். அதற்கு பிக் ஒரு வெள்ளி, ஸ்மால் ஒரு வெள்ளி. 1126, அத்தையைப் பெண் பார்த்த நாள், 11ஆம் மாதம் 26. அதற்கு பிக் ஒரு வெள்ளி. மூன்றாவது 3377, ஏதோ ஒரு கனவில் வந்தது. இதை மட்டும், இலக்கங்கள் எந்த வரிசையில் வந்தாலும் பரிசு தரும் ஐபெட்டில் போடுவார். ஆக ஒரு குலுக்கலுக்கு 4 வெள்ளி, 156 குலுக்கலுக்கு 624 வெள்ளி.

வந்தது: 1126க்கு ஒரு ஆறுதல் பரிசு, 60 வெள்ளி. 3377க்கு ஐபெட்டில் ஒரு ஸ்டார்ட்டர், 41 வெள்ளி. அதே நம்பருக்கு ஒரு ஆறுதல், 10 வெள்ளி. மொத்தம் 111. போனது 513 வெள்ளி.

இந்தத் தொகையைப் பார்த்து நான் முதலில் கோபப்பட்டேன். நம்பர் சரியில்லை, மாமாவுக்கு நேரம் சரியில்லை என்றுகூட நினைத்தேன். பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து கணக்குப் போட்டபோதுதான் புரிந்தது, மாமாவுக்கு நடந்தது சாதாரணமாக எல்லோருக்கும் நடப்பதுதான்.

கணக்கு எளிது. 10,000 பேர் ஆளுக்கொரு எண்ணாக, ஒன்றுவிடாமல் எல்லா எண்ணையும் பிக்கில் ஒரு வெள்ளிக்கு வாங்கினார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். வசூல் 10,000 வெள்ளி. பரிசாகத் திரும்புவது 2000, 1000, 490, அப்புறம் பத்து ஸ்டார்ட்டருக்கு 2500, பத்து ஆறுதலுக்கு 600. கூட்டினால் 6590. அதாவது ஒரு வெள்ளிக்குச் சராசரியாக 66 காசு திரும்புகிறது. அதே பத்தாயிரம் பேர் ஸ்மாலில் வாங்கினால் 3000, 2000, 800, மொத்தம் 5800. வெள்ளிக்கு 58 காசு.

இதைப் பார்த்ததும் எனக்கு உண்மையிலேயே வருத்தமாக இருந்தது. மாமா மட்டும் இல்லை, காப்பிக் கடையில் அவரோடு உட்காரும் நண்பர்களும் ஸ்மாலைத்தான் பெரிதாக மதிப்பார்கள். "ஸ்மாலுக்கு மூவாயிரம்மா, பிக்குக்கு ரெண்டாயிரம்தான்" என்பார் மாமா. அட்டவணையில் முதலில் கண்ணில் படுவது அந்த 3000தான். மூன்று பரிசுக்கு அப்பால் அங்கே ஒன்றுமே இல்லை என்பது கண்ணில் படுவதில்லை. ஒரே கவுண்டரில், ஒரே சீட்டில், ஒரே ஒரு வெள்ளிக்கு விற்கிற இரண்டு பொருளில் ஒன்று 8 காசு மட்டம். வருடக்கணக்காக வாங்கியவருக்கு அதை யாரும் எடுத்துச் சொன்னதில்லை.

இன்னொன்றும் இருக்கிறது, சராசரியைவிட இதுதான் முக்கியம் என்று நினைக்கிறேன். அந்த 66 காசு எங்கே இருக்கிறது என்று பிரித்துப் பாருங்கள். முதல் மூன்று பரிசில் சுமார் 35 காசு. ஸ்டார்ட்டரில் 25. ஆறுதலில் 6. முதல் மூன்று பரிசு நம் நம்பருக்கு விழ வாய்ப்பு 10,000இல் 3. வாரத்துக்கு மூன்று குலுக்கல் என்றால் சராசரியாக 21 வருடத்துக்கு ஒரு தடவை. முதல் பரிசு மட்டும் என்றால் 64 வருடத்துக்கு ஒரு தடவை. ஆக, அந்த 35 காசு நம்மில் பெரும்பாலோர் கண்ணால் பார்க்காமலே போகிற காசு. நமக்கு பிக்கில் நிஜமாக நடமாடுவது மீதி 31 காசுதான். ஸ்மாலில் அதுவும் இல்லை. ஒரு நம்பரை வருடம் முழுவதும் ஸ்மாலில் வாங்கினால், 156 வெள்ளியில் ஒரு காசுகூடத் திரும்பாமல் போக வாய்ப்பு நூற்றுக்கு 95.

மாமாவின் நோட்டில் ஸ்மால் கட்டம் முழுக்கச் சுழி போட்டிருந்தேன். அது துரதிர்ஷ்டம் இல்லை என்று புரிய எனக்கே ஒரு வருடம் ஆனது.

ஐபெட்டைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் இங்கேதான் நிறையப் பேர் குழம்புகிறார்கள். நானும் குழம்பினேன். நம் நாலு இலக்கம் எந்த வரிசையில் வந்தாலும் பரிசு வேண்டும் என்றால் இரண்டு வழி. ஒன்று சிஸ்டம்: நாலும் வேறு வேறு இலக்கம் என்றால் 24 வரிசை, ஒவ்வொன்றையும் தனியாக வாங்குவதுபோல் 24 வெள்ளி. விழுந்தால் முழுப் பரிசு. இன்னொன்று ஐபெட்: ஒரே ஒரு வெள்ளி கொடுத்து 24 வரிசையையும் பிடித்துக்கொள்ளலாம், ஆனால் பரிசும் கிட்டத்தட்ட 24இல் ஒரு பங்குதான். பிக்கில் முதல் பரிசுக்கு 83 வெள்ளி, ஆறுதலுக்கு 3 வெள்ளி. ஓர் இலக்கம் இரட்டித்தால் 12 வரிசை, 3377 போல இரண்டு ஜோடி என்றால் 6 வரிசை, ஒரே இலக்கம் மூன்று முறை வந்தால் 4 வரிசை. வரிசை குறையக் குறையப் பரிசு கூடும். 6 வரிசைக்கு முதல் பரிசு 335.

ஒரு நாள் எங்கள் புளோக்குக்குக் கீழே இரண்டு கார் உரசிக்கொண்டன. யாருக்கும் அடியில்லை. அதில் ஒரு காரின் எண்ணை ஐபெட்டில் போட்டு வரச் சொன்னார் மாமா. சீட்டில் அவசரத்தில் ஐபெட்டுக்குப் பதில் சிஸ்டம் கட்டத்தை நிரப்பிவிட்டேன். கவுண்டரில் 24 வெள்ளி என்றார்கள். பின்னால் பெரிய வரிசை, வாயைத் திறக்காமல் கொடுத்துவிட்டேன். மாமாவிடம் சொல்லவில்லை. என் பெயரில் தனிக் கட்டம் போட்டு எழுதினேன். ஒன்றும் விழவில்லை. அந்த 24 வெள்ளிக்காகத்தான் ஐபெட் கணக்கை ஒரு மணி நேரம் உட்கார்ந்து பார்த்தேன். 24 வரிசை ஐபெட்டில் வெள்ளிக்கு 65.8 காசு, 6 வரிசையில் 65.6 காசு. நேராக பிக் போட்டால் 65.9. சிஸ்டமும் அதே 65.9தான். ஒரே துணியை அரை மீட்டராகவும் வெட்டுகிறார்கள், இருபது மீட்டராகவும் வெட்டுகிறார்கள், மீட்டர் விலை மாறவில்லை.

இருந்தாலும் மாமா மாதிரி ஆட்களுக்கு ஐபெட் நல்லது என்பேன். அடிக்கடி ஏதாவது விழுகிறது, பெரிய தொகையும் போவதில்லை. 3377க்கு அந்த 10 வெள்ளி விழுந்த ஞாயிறு அவர் மூன்று பேருக்கு போன் செய்தார். பத்து வெள்ளிதான். ஆனால் அவர் குரலை நீங்கள் கேட்டிருக்க வேண்டும்.

பக்கத்து நாட்டையும் பார்த்தேன். என் கணவரின் அக்கா ஜொகூரில் இருக்கிறார், அவர் வாங்குவது மேக்னம் என்ற நிறுவனத்தின் 4டி. மலேசியாவிலும் இதே 23 எண்தான். ஒரு ரிங்கிட்டுக்கு பிக்கில் 2500, 1000, 500, 180, 60. ஸ்மாலில் 3500, 2000, 1000. இதைக் கூட்டினால் பிக் 64 காசு, ஸ்மால் 65 காசு. அங்கே ஸ்மால்தான் ஒரு காசு மேல்! "எங்க ஊர்ல ஸ்மால்தான் நல்லது"ன்னு அண்ணி சொல்லும்போது நான் சிரித்துக்கொண்டே மறுத்திருக்கிறேன், இப்போது போன் செய்து ஒப்புக்கொண்டேன். பெயர் ஒன்றாக இருப்பதால் ஊருக்கு ஊர் கணக்கும் ஒன்றாக இருக்கும் என்று எடுத்துக்கொள்ளக்கூடாது.

மாமாவின் மகன் டாலஸில் இருக்கிறான். "இங்கே பிக் 3ன்னு (Pick 3) ஒரு லாட்டரி, தினமும் நாலு குலுக்கல்ப்பா, ஞாயிறு மட்டும்தான் லீவு" என்று அவன் சொன்னதும் மாமாவின் முகம் மலர்ந்துவிட்டது. மூன்று இலக்கம், 1000 எண், ஒரு டாலருக்கு 500 டாலர். டெக்சஸிலும் அப்படி, புளோரிடாவிலும் அப்படி. ஆயிரத்தில் ஒன்று என்பது பத்தாயிரத்தில் ஒன்றைவிட எளிதாகத் தெரியும். ஆனால் கூட்டிப் பார்த்தால் டாலருக்கு 50 காசுதான். எங்கள் ஸ்மாலைவிடவும் மட்டம். அதுவும் தினமும் நாலு தடவை வாங்கக் கிடைக்கிறது என்றால், கையில் இருப்பது எவ்வளவு சீக்கிரம் கரையும் என்று யோசித்துப் பாருங்கள். வாரத்துக்கு மூன்று நாள் என்று நிற்கிறதே, அதற்கே நான் நன்றி சொல்வேன்.

அப்புறம் "வராத நம்பர்" விஷயம். 4718க்கு இத்தனை வருடத்தில் ஸ்டார்ட்டரும் ஆறுதலும் விழுந்திருக்கின்றன, முதல் பரிசு விழவில்லை. அதனால் இனி கட்டாயம் வரும் என்பது மாமாவின் நம்பிக்கை. இதைச் சொல்லும்போது அவர் கண்ணைப் பார்த்துக்கொண்டு மறுத்துப் பேச எனக்கு மனம் வரவில்லை. ஆனால் இங்கே எழுதலாம். ஒவ்வொரு குலுக்கலிலும் பூச்சியத்திலிருந்து ஒன்பது வரை எல்லாப் பந்தும் புதிதாக உள்ளே போகின்றன. போன குலுக்கலில் வந்த எண்ணுக்கும் இன்றைக்கு 10,000இல் ஒன்று, முப்பது வருடமாக வராத எண்ணுக்கும் 10,000இல் ஒன்று. வாரம் மூன்று என்று முப்பது வருடம் ஒரே நம்பரை விடாமல் வாங்கினால் 4680 குலுக்கல். அத்தனையிலும் முதல் பரிசு ஒரு தடவைகூட விழாமல் போக வாய்ப்பு நூற்றுக்கு சுமார் 63. காத்திருந்தவர்களில் பாதிக்கு மேற்பட்டவர்கள் காத்துக்கொண்டேதான் இருப்பார்கள்.

மீதிக் காசு எங்கே போகிறது என்று கேட்பீர்கள். வரி, செலவு போக மிஞ்சுவது டோட் போர்டு என்ற அரசு வாரியத்துக்குப் போய், அங்கிருந்து அறக்கட்டளை, விளையாட்டு, கலை என்று பிரிகிறது. மாமாவுக்கு இது நன்றாகத் தெரியும். சிங்கப்பூர் பூல்ஸ் தொடங்கிய அதே 1968இல்தான் தமிழ்நாட்டிலும் அரசு லாட்டரி வந்தது. "விழுந்தால் வீட்டுக்கு, விழாவிட்டால் நாட்டுக்கு" என்ற அந்தக் காலத்து வாசகத்தை மன்னார்குடியில் இருக்கும் தன் சித்தப்பா மகனிடமிருந்து கற்றுக்கொண்டு இன்றைக்கும் சொல்வார். ஊரில் 2003இல் லாட்டரியைத் தடை செய்துவிட்டார்கள் என்று நான் ஞாபகப்படுத்தினால், "அது வேற, இது வேறம்மா" என்பார்.

மதிப்பெண் போடச் சொன்னால் இப்படிப் போடுவேன். நேர்மைக்கும் தெளிவுக்கும் ஐந்துக்கு ஐந்து. பிக், ஐபெட் இரண்டுக்கும் விலை விஷயத்தில் ஐந்துக்கு இரண்டு. மூன்றில் ஒரு பங்கு காசு போகும் என்று தெரிந்து, பொழுதுபோக்குக்குக் கொடுக்கிற காசாக வாங்கினால் சரி. ஸ்மாலுக்கு ஒன்றுதான். சிங்கப்பூரில் அதை வாங்க எனக்கு ஒரு காரணமும் கிடைக்கவில்லை. கடனைக் கட்டவோ, பிள்ளை படிப்புக்கோ என்று நினைத்து வாங்குபவர்களிடம், தயவுசெய்து அந்தப் பணத்தைக் கவுண்டரில் கொடுக்காதீர்கள் என்று கையைப் பிடித்துச் சொல்வேன். 64 வருடம் என்ற எண்ணை மட்டும் மனதில் வையுங்கள்.

போன மாதம் நோட்டை மாமாவிடம் காட்டினேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒரு பக்கம் விடாமல் பார்த்தார். 513 என்ற கடைசி வரியில் விரலை வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் பேசவே இல்லை. நான் அழுதுவிடுவேன் போலிருந்தது. அப்புறம் ஸ்மால் கட்டத்தில் இருந்த சுழிகளை மேலிருந்து கீழாக எண்ணினார். "இத்தனையும் ஸ்மாலாம்மா?" என்றார். ஆமாம் மாமா என்றேன்.

கனவில் வந்த 3377ஐ விட்டுவிட்டார். ஸ்மாலையும் விட்டுவிட்டார். புதன்கிழமை வாங்குவதையும் நிறுத்திவிட்டார். சனி, ஞாயிறு மட்டும், டாக்சி நம்பருக்கு பிக் ஒரு வெள்ளி, அத்தை நம்பருக்கு பிக் ஒரு வெள்ளி. வாரத்துக்கு 12 வெள்ளியாக இருந்தது இப்போது 4. அத்தை நம்பரையும் நிறுத்தலாமா என்று நான் கேட்கவில்லை. புதிய நோட்டில் இதுவரை ஐந்து வாரம் எழுதியிருக்கிறேன். வந்த கட்டம் இன்னும் காலியாகத்தான் இருக்கிறது. நாளைக்குச் சனிக்கிழமை, ஆறு மணிக்கு முன்னால் தோ பாயோ போய்ச் சேர வேண்டும்.